பக்கத்து வீட்டு மாமா உட்காருகிறார்

மாமா சொந்த வீட்டுக் கதவையே மூன்று முறை தட்டிவிட்டுத்தான் உள்ளே வருவார். சாவி சட்டைப்பையில்தான் இருக்கும். "சர்க்கரை தீந்துடுச்சு, அடுத்த வாரம் வாங்க!" என்று உள்ளிருந்தே குரல் கொடுப்பார் அவர் மனைவி.

பத்தொன்பது வருடமாகத் தொலைக்காட்சியில் ஒரே நகைச்சுவைத் தொடர், ஒரே வேடம். கதாநாயகன் வீட்டு வாசலில் நின்று இரவல் கேட்கும் பக்கத்து வீட்டு மாமா. ஏணி, குடை, ஊசி நூல், ஒருமுறை கட்டில். கேட்பார், வாங்குவார், போவார். வாரத்துக்கு நாற்பது விநாடி. பேருந்து ஓட்டுநர் சிக்னலில் தலையை நீட்டி, "மாமா, இந்த வாரம் என்ன வேணும்?" என்று கேட்பார். சொந்தப் பெயர் மாமாவுக்கே எப்போதாவதுதான் நினைவுக்கு வரும்.

கேமராவுக்கு முன்னால் அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. "நானே சிரிச்சுட்டா அவங்க எதுக்குச் சிரிக்கணும்?" என்பார். வசனத் தாளில், படப்பிடிப்பு அரங்கில் உட்கார்ந்து பார்க்கும் ஜனங்கள் எங்கே சிரிப்பார்கள் என்று முன்கூட்டியே பென்சிலால் புள்ளி வைப்பார். ஒன்று என்றால் புன்னகை, இரண்டு என்றால் சிரிப்பு, மூன்று என்றால் கைதட்டல். மூன்றுக்கு மேல் வைத்ததில்லை. கணக்கு தப்பியதுமில்லை.

இந்த வருடம் முழங்கால் மக்கர் செய்தது. நிற்க முடியவில்லை. வேறு ஆளைப் போடலாமா என்று அலுவலகத்தில் பேச்சு அடிபட்டது. வசனம் எழுதும் பெண்தான் அவருக்காக ஒற்றைக்காலில் நின்றாள். மாமாவை உள்ளே அழைத்து சோபாவில் உட்காரவைக்கும் காட்சி ஒன்றை எழுதினாள். அது எடுபட்டால் மாமா இருப்பார், இல்லாவிட்டால் வீட்டுக்குப் போகவேண்டியதுதான்.

அந்தச் சோபாவில் மாமா ஒருநாளும் உட்கார்ந்ததில்லை, சாப்பாட்டு இடைவேளையில்கூட. ஒரு வாரம் வீட்டுச் சோபாவில் எழுந்து எழுந்து உட்கார்ந்து பார்த்தார்.

"உக்கார்றதுக்கு என்னங்க ஒத்திகை?" என்றார் மனைவி.

"நின்னுக்கிட்டுச் சிரிக்க வைக்கத் தெரியும். உக்காந்தா நானும் சாதாரண ஆளுதானே?"

படப்பிடிப்பு நாளில் அரங்கில் முந்நூறு பேர். கதாநாயகன், "உள்ள வந்து உக்காருங்க மாமா" என்றான். மாமா சோபாவைப் பார்த்தார். ஒத்திகை பார்த்ததெல்லாம் சுத்தமாக மறந்துபோயிற்று. கைக்குட்டையை எடுத்து, சோபாவைத் துடைக்காமல் தன் பேன்ட்டின் பின்பக்கத்தைப் பயபக்தியோடு தட்டித் துடைத்துக்கொண்டு, ஓரத்தில் நாலு விரல் அகலத்தில் உட்கார்ந்தார். நடிப்பே இல்லை, நிஜமான மரியாதை. அரங்கம் சிரிப்பில் வெடித்தது. கேமராக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மாமா திருதிருவென்று விழித்தார். அந்த இடத்தில் அவர் ஒரு புள்ளிகூட வைத்திருக்கவில்லை.

"அடுத்த வாரமும் உக்கார்றீங்க, மாமா!" என்று திரைக்குப் பின்னால் குதித்தாள் வசனக்காரப் பெண்.

மாலையில் வீட்டுக் கதவு மூன்று முறை தட்டப்பட்டது. மனைவி ஓடிவந்து திறந்தார். "எடுபட்டுச்சா?"

"ஒரு பென்சில் இருக்குமா?" என்றார் மாமா.

வாங்கிக்கொண்டு சோபாவின் நடுவில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தார். மடியில் அன்றைய வசனத் தாளை விரித்து, சோபாவில் உட்காரும் வரிக்கு நேராக மூன்று புள்ளி வைத்தார். கொஞ்சம் யோசித்தார். பிறகு பென்சிலை அழுத்தி, நான்காவதையும் வைத்தார்.