மாவிலை வைத்த சட்டப் புத்தகம்

தாம்பரத்திலிருந்து பீச் போகும் மின்சார ரயிலில்தான் அவர் பழக்கமானார். கஞ்சி போட்ட சட்டை, நரைத்த புருவம், மடியில் நில எடுப்புச் சட்டப் புத்தகம். பக்க அடையாளத்துக்குத் தினமும் ஒரு புது மாவிலை. பீர்க்கன்கரணையில் அவரே வைத்து வளர்த்த தோப்பின் இலை.

தரிசு நிலமென்றால் உரிமையாளரை விசாரிக்காமலே எடுத்துக்கொள்ளலாம் என்கிறது சட்டம். உழுது பயிரிடாத நிலமெல்லாம் தரிசுதான் என்று அதற்குப் பொருள் சொன்னது நிலமெடுக்கும் இலாகா. தோப்புக்கு நோட்டீஸ் வந்தது. அவர் வழக்குப் போட்டார்.

"மாங்கா காய்க்கிற இடம் தரிசா? கேஸ் நமக்குத்தான் சார்!" என்றேன், சட்டக் கல்லூரி மாணவனின் வேகத்தில்.

தீர்ப்பன்று மாலை ரயிலில் அவரே சொன்னார்: "நான் சொல்ற அர்த்தமும் சரிதானாம் தம்பி. இலாகா சொல்றதும் பொருந்துதாம். ரெண்டும் பொருந்தினா, சட்டத்தை நடத்துறவங்க சொல்றதைத்தான் கோர்ட் ஏத்துக்குமாம்." பல்லாவரம் தாண்டியபின், "ஜட்ஜ் ஒரு தடவை வந்து அந்த நிழல்ல நின்னு பார்த்திருக்கலாம்" என்றார்.

பரீட்சையில் அதே கேள்வி வந்தது. இலாகா சொல்லும் பொருளைத்தான் கோர்ட் ஏற்கவேண்டும் என்று மூன்று பக்கம் எழுதினேன். நல்ல மார்க்.

அப்பீலுக்காக அவர் இன்னும் அதே ரயிலில் வருகிறார். மரங்களை வெட்டிவிட்டார்கள், பக்கத்தை மடித்து வைத்திருக்கிறார். நான் அடுத்த பெட்டியில் ஏறிக்கொள்கிறேன்.