துரை பிடித்த கல்யாணப் படம்

நம் ஜனங்களின் பழக்கவழக்கங்களை முதன்முதலில் படம்பிடித்த மேதை என்று அந்த வெள்ளைக்காரத் துரையைப் புகழ்கிறார்கள். புகழட்டும், எனக்கென்ன! அது ஊமைப் படக் காலம். அம்பாங் ஈயக் குழி, ரவாங் ரப்பர்த் தோட்டம் என்று அவர் அலையாத இடமில்லை. பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குவாட்டர்ஸில் நடந்த என் பெரியப்பா மகள் கல்யாணத்துக்கும் படப்பெட்டியோடு வந்து சேர்ந்தார்.

விடியற்காலை முகூர்த்தம். வெளிச்சம் போதவில்லையாம். வெயில் ஏறியதும், துரையின் பேச்சை மொழிபெயர்க்கக் கூட வந்த ஆபீஸ் கிராணி கையைப் பிசைந்துகொண்டு பெரியப்பாவிடம் சொன்னார்: “தாலியக் கழட்டிட்டு, வெளிய வச்சு இன்னொரு தடவ கட்டணுமாம்.”

அக்கா ஓவென்று அழுதாள். பெரியப்பாவின் பட்டறை மேலதிகாரிக்கு இந்தத் துரை விருந்தாளி. துரையின் முகம் சுண்டிவிட்டால் என்ன ஆவது? பெரியப்பாவின் கண் என் மேல் விழுந்தது.

“உயரம் ஒண்ணுதான். அவளுக்குப் பதிலா நீ உக்காரும்மா. வெறும் மஞ்சக் கயிறுதானே? மந்திரமில்ல, மேளமில்ல.”

எனக்குத் தை மாதம் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. கிள்ளான் மாப்பிள்ளை. ஒரே ஒரு முறைதான் பார்த்திருந்தேன், மனசுக்கு அவ்வளவு பிடித்துப்போயிற்று. அவருடைய அம்மா முன்னால் பாயில் உட்கார்ந்து வெற்றிலை மென்றுகொண்டிருந்தாள். மாட்டேன் என்று சொல்ல எனக்கு வாய் இல்லையா? இருந்தது. சொல்லவில்லை, மடச்சி!

அக்காவைக் கட்டிய அத்தான் என் கழுத்தில் மூன்று முடிச்சும் போட்டார். படப்பெட்டி நின்றது. இனி அவிழ்க்க வேண்டும். முடிச்சு இறுகிவிட்டது, கயிறோ குட்டை, கொண்டையைத் தாண்டி வராது. யார் அறுப்பது? அத்தான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். அத்தைமார் ஒதுங்கினார்கள். ஐயர் செருப்பைத் தேடினார். மந்திரமில்லை, மேளமில்லை என்ற பெரியப்பா வீட்டுக் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

எனக்கு வந்ததே கோபம்! தாம்பூலத் தட்டிலிருந்த பாக்குவெட்டியை எடுத்து நானே நறுக்கென்று அறுத்துப் போட்டேன்.

துரை துள்ளிக் குதித்தார். “இது என்ன சடங்குன்னு கேக்கறாரு,” என்றார் கிராணி.

“எங்க குல வழக்கம்னு சொல்லிடுங்க,” என்றார் பெரியப்பா. துரை அதைப் பயபக்தியோடு நோட்டில் எழுதிக்கொண்டார்.

அதற்குள் கிள்ளான் அம்மாள் எழுந்துவிட்டாள். “தாலி அறுத்தவள எம் மவனுக்குக் கட்டி வைக்கவா? என்னான்னு நெனச்சீங்க எங்கள?” என்று பந்தல் அதிரக் கத்தினாள். நான் அவள் காலில் விழ ஓடினேன். சத்தம் கேட்ட துரை படப்பெட்டியை அவள் பக்கம் திருப்பினார்.

அம்மாளின் குரல் சட்டென்று இறங்கியது. வெற்றிலையைத் துப்பினாள். முந்தானையை இழுத்துவிட்டாள். கொண்டையை ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொண்டாள். பிறகு படப்பெட்டியைப் பார்த்து அழகாகச் சிரித்தபடியே, “இந்தச் சம்பந்தம் எங்களுக்கு வேணாங்க,” என்றாள்.