மார்த்தினிக்கைப் பற்றி மட்டும் பேசு

பாரிஸின் லா ஷப்பலில் யாழ்ப்பாணத்து ஆள் ஒருவரைப் புதிதாகச் சந்தித்தால் முதல் கேள்வி, ஊர் எது? இரண்டாவது, ஊரில் எந்தப் பக்கம், கோயிலடியா சந்தியடியா? மூன்றாவது தேவைப்படாது. அதற்குள் சாதியைப் பிடித்துவிடுவார்கள். முப்பது வருடமாகப் பக்கத்து ஊரின் பெயரைச் சொல்லித் தப்பிவருகிறேன். எந்தப் பக்கம் என்று துருவினால், "இடம்பெயர்ந்து இடம்பெயர்ந்து எல்லாப் பக்கமும்தான்" என்று சிரிப்பேன். யுத்தம் எனக்குச் செய்த ஒரே உபகாரம் அது.

என் மகள் அடிமை வரலாற்றில் முனைவர் பட்ட ஆய்வு செய்கிறாள். ஆபிரிக்க மக்களைக் கப்பலில் அடைத்து மார்த்தினிக் தீவுக்குக் கொண்டுபோன வரலாறு. விடுதலை கிடைத்த பிறகு அந்த மக்கள் பழையதைத் தங்கள் பிள்ளைகளிடம் சொன்னார்களா, மறைத்தார்களா என்பதுதான் அவள் தேடுவது. அவளுடைய பேராசிரியை அந்தத் தீவுக்காரி. முதல் வகுப்பிலேயே, தான் அடிமைகளின் வழி வந்தவள் என்று நிமிர்ந்து நின்று சொன்னாராம். மகள் வீட்டுக்கு வந்து வாயோயாமல் அதையே சொல்லிக்கொண்டிருந்தாள். அடுத்தது என்னிடம்தான் வந்து கேட்பாள் என்று அப்போதே பயந்தேன்.

பயந்ததுதான் நடந்தது. ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தை ஆண்ட காலத்தில் எழுதிவைத்த நம் சட்டத்தில் அடிமைகளுக்கென்றே ஒரு பகுதி இருப்பதை எங்கேயோ படித்துவிட்டு, கார்ஜ் புறநகரில் எங்கள் வீட்டுக் குசினியில் வந்து நின்றாள். பிரெஞ்சில்தான் கேட்டாள். அதில் எங்கள் ஆட்கள் எந்தப் பக்கம்? வைத்திருந்தவர்களா, வைத்திருக்கப்பட்டவர்களா? நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். உணவகத்திலும் அதுதான் வேலை, வீட்டிலும் அதுதான் வேலை. ஒருவரிடமும் சொல்லாததை அன்றைக்கு அவளிடம் சொன்னேன். மகனுக்கு இன்றுவரை தெரியாது. அவள் அழவில்லை. என்னைக் கட்டிப்பிடித்து, ஆய்வின் முன்னுரையில் இதை எழுதப்போவதாகச் சொன்னாள். மடைச்சி.

அதே வருடம் மகனுக்குக் கலியாணம் பேசினோம். அவன் விரும்பிய பெண்ணின் தகப்பன் ரூ பிலிப்-து-ஜிரார் தெருவில் பலசரக்குக்கடை வைத்திருப்பவர். நல்ல மனுசன், சாதி விஷயத்தில் மட்டும் ஓர் அங்குலம் அசையமாட்டார். என் இரவல் ஊர் அவருக்குத் திருப்தியாக இருந்தது. நாள் குறித்தாயிற்று. அந்தச் சந்தோஷத்தில் அவரே ஒரு மண்டபம் எடுத்து, "எங்கடை சொந்தத்திலை ஒரு சரித்திரகாரி" என்று ஊரெல்லாம் சொல்லி, மகளைப் பேச அழைத்துவிட்டார்.

பேச்சுக்கு முதல்நாள் அவளிடம் கெஞ்சினேன். காலில் விழாத குறை.

"பிள்ளை, மார்த்தினிக்கைப் பற்றி மட்டும் பேசு. ஊர்க்கதை வேண்டாம். கொண்ணன்ரை கலியாணம் நிண்டுபோம்."

"ஒளிச்சு வைச்ச ஆக்களைப் பற்றித்தானே அப்பா நான் எழுதுறன்."

"எழுது! செத்த ஆக்களைப் பற்றி எழுது. என்னை விடு!"

கத்திவிட்டேன். பிறகு அழுதேன். கடைசியில் அவள் சரி என்றாள்.

மண்டபத்தில் நன்றாகத்தான் பேசினாள். தமிழ் அங்கங்கே தடக்கியது, ஆனால் சனம் அசையாமல் கேட்டது. தாயை ஒரு தோட்டத்துக்கும் பிள்ளையை இன்னொரு தோட்டத்துக்கும் விற்றதைச் சொன்னபோது பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள். "பாவங்கள், என்ன கொடுமை" என்று எனக்குப் பின்னால் ஒருவர் முனகினார். எனக்கு ஆத்திரம் பொங்கியது. என் பூட்டனுக்கு உங்கள் பூட்டன் கிணற்றில் ஒரு வாளி தண்ணீர் அள்ள விட்டாரா என்று கேட்க நாக்குத் துடித்தது. மென்று விழுங்கினேன்.

முடிவில் என் பக்கத்திலிருந்த சம்பந்தி எழுந்தார்.

"பிள்ளை, ஒண்டு கேக்கிறன். இது வெள்ளைக்காரன் செய்த அநியாயம். எங்கடை ஆக்களுக்குள்ளை உப்பிடி அடிமை கிடிமை எண்டு ஒண்டும் இருக்கேல்லைத்தானே?"

அந்தச் சட்டம் அவளுக்கு மனப்பாடம். வாயைத் திறந்தவள் என்னைப் பார்த்தாள். நான் தலையை அசைத்தேன். கண்ணால் கெஞ்சினேன். இந்த ஒருமுறை, மகளே, இந்த ஒருமுறை.

"எனக்குத் தெரியாது மாமா. நான் அதைப் படிக்கேல்லை."

சம்பந்தி சபையைத் திரும்பிப் பார்த்தார். "பாத்தியளே, இவ்வளவு படிச்ச பிள்ளைக்கே தெரியேல்லை. இருந்தால்தானே தெரியிறதுக்கு!"

மண்டபம் சிரித்தது, கை தட்டியது. அவர் உட்கார்ந்து என் தோளில் கை போட்டு, "பிள்ளையை நல்லா வளர்த்திருக்கிறியள் அண்ணை" என்றார். மகள் மேடையில் என்னையே பார்த்தபடி நின்றாள். நானும் கை தட்டினேன்.

வீட்டுக்குப் போகும் ரயில் சென் தெனி நிலையத்தைத் தாண்டியது. பிறகு, என்னிடம் எப்போதும் பிரெஞ்சில் தொடங்குகிறவள், தமிழில் கேட்டாள்.

"அண்ணாவுக்குப் பிள்ளை பிறந்து, அது வளந்து என்னட்டை வந்து கேட்டா, அதுக்கும் தெரியாது எண்டுதான் சொல்லோணுமோ அப்பா?"

"ஓம் பிள்ளை" என்றேன். ரயில்பெட்டி நிறைய எங்கள் யாழ்ப்பாணத்து ஆட்கள். அதையும் மெதுவாகத்தான் சொன்னேன்.