குளத்துக்கு இறங்கும் பாதை

குன்னூரில் மலைச்சரிவில் இருக்கும் அந்தப் பழைய பூங்காவில்தான் எனக்குப் பெண் பார்க்க ஏற்பாடு. பெண்ணுக்கு அங்கேயே பேங்க் வேலை. "குளத்துக்கிட்ட நிப்பாங்களாம், நீ மட்டும் போயிப் பேசிப்போட்டு வா கண்ணு" என்று அன்னூரிலிருந்து அம்மா போனில் சொன்னார். பீளமேட்டிலிருந்து காலையிலேயே பைக்கில் கிளம்பினேன்.

மேல் கேட் வழியாக நுழைந்தால் காலடியில் மரங்களின் உச்சிதான் தெரிந்தது. அவ்வளவு செங்குத்து. வெள்ளைக்காரன் காலத்து மரங்களுக்கு நடுவே பாதை வளைந்து வளைந்து பிரிந்தது. இரண்டு முறை இறங்கியும், சுற்றிச் சுற்றிப் பாதியிலிருந்த ஒரு பெஞ்சுக்கே வந்து சேர்ந்தேன். அங்கே மஃப்ளர் சுற்றிய ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். போட்டோவில் பார்த்தது பட்டுப்புடவையும் நெற்றிச்சுட்டியும். ஒப்பிட வழியில்லை.

"பீளமேட்டு இன்ஜினியருங்களா?" என்றாள்.

"ஆமாங்க."

பேச்சு சுலபமாக வந்தது. "பொழுதுக்கும் கத்திக் கத்தித் தொண்டையே போச்சுங்க. ஒருத்தரும் சொன்னதக் கேக்கறதில்ல" என்றாள். பேங்க் வாடிக்கையாளர்களைச் சொல்கிறாள் என்று நினைத்து நானும் தலையாட்டினேன். வெகுநாள் கழித்து மனம்விட்டுச் சிரித்தேன்.

அப்போது என் போன் அடித்தது. "ஏனுங்க, நான் குளத்துக்கிட்ட நிக்கறனுங்க. எங்கீங்க இருக்கறீங்க?" ஒரு பெண் குரல். எதிரே இருந்தவள் கையில் போன் இல்லை.

"நீங்க பேங்க்ல வேலை பாக்கலீங்களா?" என்று கேட்டேன்.

அவள் சட்டென்று எழுந்தாள். "நான் டீச்சருங்க. சத்தியமங்கலத்துலருந்து வந்திருக்கறனுங்க. பீளமேட்டு இன்ஜினியரு ஒருத்தரு பொண்ணு பாக்க இங்க வாராருன்னு..."

"அது நானில்லீங்க."

அவள் மேலே ஏறினாள். நான் கீழே இறங்கினேன். குளத்தருகே குடையோடு நின்ற பெண் நல்லவளாகத்தான் தெரிந்தாள். ஆனால் நான் உளறினேன். "பசங்க ரொம்ப சேட்டைங்களா?" என்று கேட்டுவிட்டேன். "எந்தப் பசங்க?" என்றாள்.

திரும்பும் வழியில் அம்மா போன் செய்தார். "பொண்ணு புடிச்சுதா கண்ணு?"

"புடிச்சுதும்மா" என்றேன். யாரைச் சொன்னேன் என்று எனக்கே விளங்கவில்லை.

அடுத்த வாரம் குளத்தருகே பார்த்த பேங்க் பெண் கோவை வந்தபோது, ஒரு பேக்கரியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். "அப்ப உங்களுக்கு அவங்களத்தான் புடிச்சிருக்குதுங்களா?" என்றாள்.

"தெரியலீங்க."

வெகுநேரம் டீயை ஆற்றினாள். "எனக்கும் உங்களப் புடிச்சிருக்குதான்னு தெரியலீங்க. இன்னொருக்கா பாக்கலாம்" என்றாள்.

நாலைந்து முறை பார்த்தோம். ஆவணியில் கல்யாணம் நடந்தது.