முதுகு காட்டிய ராணி

எழுபதுகளில் பாலக்காட்டுப் பக்கம் கஞ்சிக்கோட்டுக்கு ஆலை வேலைக்கு வந்த என்னைப் போன்ற தனிக்கட்டைகளுக்கு ஓர் அம்மா நடத்திய மெஸ்தான் சோறு போட்டது. இளவயதில் நாடகக் கம்பெனியில் ராணி வேஷம் கட்டியவர். அந்த நாடகத்தையே ஊமைப்படமாகவும் எடுத்தார்களாம். அதிலும் அவர்தான் ராணியாம். ரசம் ஊற்றிக்கொண்டே அவர் இதைச் சொல்லும்போதெல்லாம் தலையாட்டிவிட்டு அப்பளம் கேட்போம். பாவிகள்.

பாலக்காட்டில் நான் சேர்ந்திருந்த ஃபிலிம் சொசைட்டிக்கு அந்தப் படத்தின் ஒரே ஒரு ரீல் கிடைத்தது. மூடிப்போன கொட்டகை ஒன்றின் சாமான்களுக்குள் கிடந்திருக்கிறது. மற்ற ரீல்கள் போன இடம் தெரியவில்லை. ஓடிப்போய் அம்மாவிடம் சொன்னேன். கரண்டியைக் கீழே வைத்துவிட்டார்.

"ஏனுங்க தம்பி, அதுல என்ற மொகம் இருக்குதுங்களா? கம்பெனியோட ஊரு ஊராச் சுத்துனதுல நான் படத்தப் பாக்கவே இல்லீங்க. அந்த வயசுல எடுத்த போட்டோ ஒண்ணுகூட இல்லீங்க."

ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சிக்குப் பட்டுப்புடவை கட்டி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். திரையில் ராணி வந்தாள். தெரிந்ததெல்லாம் முதுகும் பின்னலும்தான். ராஜா அழுகிறார், மந்திரி கையை நீட்டுகிறார், ராணி மட்டும் திரும்புவதாக இல்லை. பின்னால் யாரோ சிரித்தார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அம்மா தலையில் கைவைத்துக்கொண்டார். "அன்னிக்கு வேடிக்கை பாக்க கேமராவுக்கு எதுத்தாப்புல மேட்டுமேல ஊரே கூடியிருந்துச்சுங்க. சனத்துக்கு முதுகு காட்டக் கூடாதுன்னு கம்பெனியில பழக்கியிருந்தாங்க. நானும் சனத்தப் பாத்தே நடிச்சுப்போட்டேன். கேமராவ யாருங்க நெனச்சா?"

காட்சி முடிந்தது. ஆனால் ரீலில் இன்னும் கொஞ்சம் மிச்சமிருந்தது. வெட்டி எறிந்திருக்க வேண்டிய துண்டு. வெட்டாமல் விட்ட புண்ணியவான் நன்றாக இருக்கட்டும்! ராணி சட்டென்று திரும்பி எங்களை நேருக்கு நேர் பார்த்தாள். பெரிய கண்கள், ஒற்றைக்கல் மூக்குத்தி, நெற்றியில் வேர்வை. எத்தனையோ படம் பார்த்துவிட்டேன், அப்படி ஒரு முகத்தைப் பார்த்ததில்லை. ஏதோ கேட்டாள், உதடு மட்டும் அசைந்தது. உடனே திரை வெளுத்துவிட்டது.

சிரித்தவர்கள்கூட வாயை மூடிக்கொண்டார்கள்.

"என்னம்மா கேட்டீங்க அப்போ?" என்றேன்.

முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "தப்பாயிடுச்சுங்களா, இன்னொருக்கா நடிக்கட்டுங்களான்னு கேட்டேனுங்க. பிலிம் தீந்துபோச்சு, போதும்னு சொல்லிப்போட்டாங்க."

நான் எழுந்து நின்று ஆபரேட்டர் அறையைப் பார்த்துக் கத்தினேன், இன்னொரு தடவை போடச் சொல்லி.