மல்லிகா குட்டை

நான் ஐந்தாம் வகுப்பு முடித்த கோடை விடுமுறையில், தண்ணீரின் பெயர்களை எழுதிக்கொண்டு போக எங்கள் ஊருக்கு ஒரு அக்கா வந்தார். புதுச்சேரியை ஒட்டிய எங்கள் பாகூர் கொம்யூனில் எத்தனை ஏரி, எத்தனை தாங்கல், எத்தனை குட்டை, ஒவ்வொன்றுக்கும் என்ன பெயர், அந்தப் பெயர் எப்படி வந்தது என்பதுதான் அவருடைய ஆராய்ச்சி. அப்படியும் ஒரு படிப்பு இருக்கிறது என்று எங்கள் ஊரில் யாருக்கும் தெரியாது. டீக்கடையில் அவரை முதலில் சர்வேயர் என்றார்கள். பிறகு, ரோடு போட நிலம் எடுக்க வந்தவர் என்றார்கள். கடைசியில், எதற்கும் இருக்கட்டும் என்று என் அப்பாவிடம் அனுப்பிவைத்தார்கள்.

அப்பா ஏரிப் பாசன சங்கத்தில் இருந்தார். எந்த மடையைத் திறந்தால் யார் வயலுக்குத் தண்ணீர் போகும் என்பது அவருக்கு விரல் நுனியில் இருந்தது. ஆனால் அதை இதுவரை யாரும் நோட்டுப் போட்டு எழுதிக்கொண்டதில்லை. அதனால் மறுநாள் காலையில் கல்யாணத்துக்குப் போடும் வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு மொபெட்டில் முன்னால் போனார். ஸ்கூட்டியில் அக்கா பின்னால் போனார். அக்காவின் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நானும் போனேன்.

"இது சித்தேரிம்மா. சின்ன ஏரி. எழுத்துல சிற்றேரின்னு போட்டுக்க" என்று அப்பா ஆரம்பித்தார். செலியமேட்டைத் தாண்டியதும் ஒரு சேற்றுப் பள்ளத்தைக் காட்டி, "இது எருமை முழுங்கி. சோடி எருமை எறங்குச்சு. ஏறல. அவ்ளோதான் கதை" என்றார்.

"மலட்டாறுக்கு ஏன் ஐயா அந்தப் பேரு?"

"வருஷத்துல பத்து நாளு ஓடும். மீதி நாளெல்லாம் மணலு. பின்ன இன்னான்னு பேரு வெப்பாங்க?"

அக்கா சிரித்துக்கொண்டே எழுதினார். அப்பாவுக்கு உற்சாகம் கூடியது. வண்டிக்காரன் மடு என்ற இடத்தில் வண்டியை நிறுத்தி, அவருடைய தாத்தா காலத்தில் ஒருவன் மாட்டு வண்டியோடு வெள்ளத்தில் போன கதையைச் சொன்னார். மாடுகள் மூன்றாம் நாள் கரை ஒதுங்கின. ஆள் ஒதுங்கவே இல்லை. அவன் பெயர் என்ன என்று யாருக்கும் தெரியாது. வண்டிக்காரன் என்பது மட்டும் நின்றுவிட்டது. "இங்க பாதி தண்ணி செத்தவங்க பேர்லதாம்மா கெடக்குது" என்று அப்பா சிரித்தார். அக்கா அந்த வாக்கியத்தையும் எழுதிக்கொண்டார்.

இரண்டாம் நாள் முற்பகல், எங்கள் கரும்புக் கொல்லைக்குப் பின்னால் இருந்த குட்டைக்கு வந்து சேர்ந்தோம். அது எங்கள் பட்டாவுக்குள் இருந்தது. ஒரு வாலிபால் மைதானம் அளவு இருக்கும். மூன்று பக்கம் கோரை, ஒரு பக்கம் ஆடு மாடு இறங்குகிற சரிவு.

"இதுக்கு ஐயா?"

"இதுக்கு இன்னா பேரு? குட்டைதான். கொல்லக் குட்டைன்னு போட்டுக்க."

இரண்டு நாளாக எனக்குச் சொல்வதற்கு ஒரு பெயரும் அகப்படவில்லை. எல்லாவற்றையும் அப்பாவே சொல்லிவிட்டார். இங்கே அப்பாவுக்குத் தெரியாதது எனக்குத் தெரிந்திருந்தது. "இல்லக்கா, இது மல்லிகா குட்டை" என்றேன்.

என்னோடு படித்த பிள்ளைகள் எல்லாரும் அப்படித்தான் சொல்வார்கள். ஆடு ஓட்டிக்கொண்டு போகிற பெண்கள், "மல்லிகா குட்டை பக்கம் போவாதடி, முள்ளு" என்பார்கள். மல்லிகா என்றால் எனக்கு மல்லிப்பூதான். அக்கா காரணமும் கேட்பார் என்று தெரிந்ததால் அதையும் சேர்த்துச் சொன்னேன். "முன்னாடி இங்க மல்லிச் செடி இருந்திருக்கும்க்கா."

அப்பா என்னைத் திட்டவில்லை. ஒரு கரும்புச் சோகையைப் பிடுங்கி நீளவாக்கில் கிழித்தார். இன்னொன்றைப் பிடுங்கி அதையும் கிழித்தார்.

"கொழந்த எதையோ ஒளறுது. அத அடிச்சிடும்மா."

"ரெண்டு பேரையும் எழுதிக்கிறேன் ஐயா. ஊர்ல கேட்டுட்டு எது சரின்னு பாத்துக்கலாம்."

"ஊர்ல இன்னா கேக்கறது? நெலம் என்னுது. நான்தான சொல்றேன்."

அந்தக் குரலில் அப்பா பேசி நான் அதுவரை கேட்டதில்லை. அக்காவுக்கும் அது புதிதாக இருந்திருக்க வேண்டும். நோட்டை மூடிக்கொண்டார். மோட்டாரைப் பார்க்க வேண்டும் என்று சொல்லிவிட்டு அப்பா மொபெட்டை எடுத்துக்கொண்டு போனார். பாப்பாவை வீட்டில் விட்டுவிடும்படி அக்காவிடம் சொன்னார்.

வீட்டுக்குப் போகிற வழியில்தான் டீக்கடை. அக்கா ஸ்கூட்டியை நிறுத்தி, கடைக்காரரிடம் அந்தக் குட்டையின் பெயரைக் கேட்டார். கடைக்காரர் என்னைப் பார்த்தார். ஒரு கடலை மிட்டாயைக் கையில் கொடுத்து, "பஸ்ஸு வருதா போய்ப் பாரு பாப்பா" என்றார். ரோட்டோரம் போய் நின்றுகொண்டேன். பேச்சு துண்டு துண்டாக வந்தது. காலனிப் பையன் என்றார். டிராக்டர் ஓட்டிக்கினு இருந்தான் என்றார். பொண்ண ரூமுல போட்டுப் பூட்டி மூணு நாளு என்றார். "அப்புறம் பாத்தா குட்டையில கெடக்குது. அண்ணங்காரன்தான் தூக்கியாந்தாரு." யாருடைய அண்ணன் என்று எனக்குத் தெரியவில்லை. கடலை மிட்டாய் தீரும்வரை பஸ் வரவில்லை.

அப்பாவுக்கு ஒரு தங்கை இருந்தார் என்பதே எனக்கு அப்போது தெரியாது. வீட்டில் அவருடைய படம் இல்லை. கல்யாணம் ஆகாமல் இறந்த பெண்ணைப் பூவாடைக்காரி என்று சொல்லி, புதுப் புடவை வைத்துப் படைப்பது எங்கள் பக்கத்து வழக்கம். எங்கள் வீட்டில் அந்தப் படையலும் இல்லை.

சாயங்காலம் அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தார். அப்பா திரும்பியிருக்கவில்லை. அம்மா பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு மோர் கொடுத்தாள். அக்கா தயங்கித் தயங்கித்தான் கேட்டார்.

"அந்தக் குட்டைக்கு உங்க நாத்தனார் பேராமே?"

அம்மா வாசலைப் பார்த்தாள். பிறகு, மனப்பாடச் செய்யுளை நான் டீச்சரிடம் ஒப்பிப்பதைப் போல மூச்சு விடாமல் சொன்னாள். "ஆமாம்மா. சித்திர மாசம். புல்லு அறுக்கப் போச்சு. கால் வழுக்கி வுழுந்துடுச்சு. நீச்சல் தெரியாது."

அக்கா வருத்தம் தெரிவித்தார். தெரியாமல் கேட்டுவிட்டேன் என்றார். எழுந்திருக்கப் போனவர், படிவத்தில் ஒரு கட்டம் காலியாக இருப்பதைக் கவனித்து, "ஆழம் எவ்ளோ இருக்கும்னு மட்டும் சொல்லிடுங்க, கெளம்பறேன்" என்றார்.

எனக்குத் தெரியும் என்று நான் முந்திக்கொண்டேன்.

"ஐப்பசியில இடுப்பு வரைக்கும் வரும்க்கா. சித்திரையில மொழங்கால்தான். நானே நடுவால நடந்து அந்தாண்ட போயிருக்கேன்."

அக்காவின் பேனா நின்றது. அம்மாவைப் பார்த்தார். அம்மா, மோர் பாதி இருக்கும்போதே தம்ளரை அவர் பக்கத்திலிருந்து எடுத்துக்கொண்டாள். "இருட்டறதுக்குள்ள கெளம்பும்மா. ஒண்டியா போவணும்" என்றாள். அக்கா எழுந்து செருப்பை மாட்டினார். வாசலில் என் தலைமேல் கை வைத்தார். கிருமாம்பாக்கம் பக்கம் இன்னும் பார்க்க வேண்டும் என்று காலையில் சொல்லியிருந்தவர், மறுநாள் வரவில்லை. அதற்குப் பிறகும் வரவில்லை.

கல்லூரியில் படிக்கும்போது நூலகத்தில் அந்த அக்காவின் ஆய்வேடு என் கையில் கிடைத்தது. தடித்த அட்டை, உள்ளே நீள நீளமான அட்டவணைகள். வண்டிக்காரன் மடுவுக்கு அரைப் பக்கம் ஒதுக்கியிருந்தார். எங்கள் குட்டைக்கு ஒரே வரிதான். மல்லிகா குட்டை. பெயர்க் காரணம்: தெரியவில்லை. ஆழம்: கோடையில் முழங்கால் அளவு.

தெரிந்தும் ஏன் தெரியவில்லை என்று எழுதினார், பயத்திலா, என்மேல் இரக்கப்பட்டா என்று நான் அறியேன். ஆனால் ஆழத்தை மட்டும் அவர் மறைக்கவில்லை. அந்த வரியை வைத்துக்கொண்டு நூலகம் மூடும்வரை உட்கார்ந்திருந்தேன். அத்தைக்கு அப்போது பத்தொன்பது வயது என்று அம்மா ஒரே ஒரு முறை வாய்தவறிச் சொல்லியிருக்கிறாள். பத்தொன்பது வயதுப் பெண் முழங்கால் தண்ணீரில் தானாக மூழ்கிவிட மாட்டாள். யாரும் புகார் கொடுக்கவில்லை. தாத்தா நான் பிறப்பதற்கு முன்பே போய்விட்டார். அந்த வீட்டிலிருந்து மிச்சம் இருந்தவர், எனக்குக் காய்ச்சல் வந்தால் இரவெல்லாம் தோளில் போட்டுக்கொண்டு நடந்தவர்தான். இரண்டு வருஷத்துக்கு முன் அவர் கண்ணை மூடும்வரை நான் அவரிடம் எதையும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அவர் சொல்லியிருப்பார் என்ற பயம்தான் காரணம்.

இதெல்லாம் பின்னால் நடந்தது. அந்த வருஷம் ஆடி பிறந்ததும் அப்பா குட்டையைத் தூர்த்தார். மூன்று நாள் டிராக்டர் செம்மண் அடித்தது. முதல் நாள் ஊர்ப் பிள்ளைகள் சாக்கு சாக்காக விரால் பிடித்துக்கொண்டு போனார்கள். அம்மா கொல்லைப் பக்கமே வரவில்லை. கடைசி லோடு கொட்டி மட்டம் தட்டிய அன்று அப்பா நல்ல மனநிலையில் இருந்தார். கிருமாம்பாக்கத்துக்கு என்னைக் கூட்டிப்போய்ப் பரோட்டா வாங்கிக் கொடுத்தார். வழியில் பார்த்தவர்களிடமெல்லாம், "குட்டை இல்லப்பா இனிமே, நெலம்தான்" என்று அவராகவே சொன்னார். நான் தப்பான பெயரைச் சொல்லிவிட்டதால்தான் அப்பா இவ்வளவு சிரமப்படுகிறார் என்று எனக்குக் குற்ற உணர்ச்சியாக இருந்தது. பரோட்டாவை மிச்சம் வைக்காமல் சாப்பிட்டேன்.

குட்டை இருந்த இடத்திலும் கரும்பு நட்டார். வெட்டு ஆரம்பித்தபோது வெட்டும் ஆட்கள் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டார்கள். "இன்னிக்கு எங்கடா?" "மல்லிகா குட்டையில." தண்ணீர் போய்விட்டது. பெயர் மண்ணுக்கு வந்திருந்தது.

அடுத்த வருஷம் அந்த மூலையில் புது டிரான்ஸ்பார்மர் வைத்தார்கள். எந்த இடம் என்று வேலைக்கு வந்தவர்கள் வழியில் போனவர்களைக் கேட்டிருப்பார்கள். வெள்ளைப் பெயிண்டில் கொட்டை எழுத்தில் மல்லிகா குட்டை என்று எழுதிவிட்டுப் போனார்கள். பெயரை மாற்றச் சொல்லி அப்பா இரண்டு முறை கரண்ட் ஆபீசுக்கு நடந்தார். ஏன் மாற்ற வேண்டும் என்று அவர்கள் கேட்டபோது அவரால் சொல்ல முடியவில்லை போலிருக்கிறது. திரும்பி வந்து சட்டையைக் கழற்றி மாட்டிவிட்டு, சாப்பிடாமல் படுத்துக்கொண்டார்.

அந்த டிரான்ஸ்பார்மரில் அடிக்கடி பீஸ் போகும். மோட்டார் நின்றால் லைன்மேனுக்குப் போன் செய்ய வேண்டும். முதல் தடவை அப்பாதான் பேசினார். நான் பக்கத்தில் இருந்தேன்.

"எங்க கரும்புக் கொல்ல டிரான்ஸ்பார்மர்ப்பா."

"உங்க ஊர்ல கரும்பு இல்லாத எடம் எது? பேரச் சொல்லுங்க."

"அதான்பா, ஓரமா புதுசா வெச்சீங்களே."

"புதுசா நாலு வெச்சிருக்கோம். பேரச் சொல்லுங்க, எழுதிக்கறேன்."

அப்பா வாயைத் திறந்தார். போனிலிருந்து அலோ, அலோ என்று கேட்டுக்கொண்டே இருந்தது. பிறகு போனை என்னிடம் நீட்டி, "நீ சொல்லு பாப்பா" என்றார்.

"மல்லிகா குட்டை டிரான்ஸ்பார்மர் அண்ணா. பீஸ் போயிடுச்சு" என்றேன்.

"அப்படித் தெளிவாச் சொல்லணும்" என்றார் லைன்மேன்.

அன்றிலிருந்து அது என் வேலையானது. தெருவில் கட்டம் போட்டுப் பாண்டி ஆடிக்கொண்டிருந்தாலும் கூப்பிட்டனுப்பி என் கையில் போனைக் கொடுப்பார்கள். எனக்கு நல்ல குரல், ஆபீஸ்காரர்களிடம் பேச வரும், அப்பாவுக்கு வராது என்று பள்ளிக்கூடத்தில் பீற்றிக்கொண்டேன். நான் பேச ஆரம்பித்ததும் அப்பா எழுந்து வெளியே போய், மாட்டுக் கொட்டகைக்கு அந்தப் பக்கம் முதுகைக் காட்டி நின்றுகொள்வார். பேசி முடித்துப் போனை வைத்த பிறகுதான் வருவார். அவ்வளவு தூரத்துக்குக் கேட்கிறதா என்று என்னைச் சோதிக்கிறார் என நினைத்து, ஒவ்வொரு முறையும் அந்தப் பெயரை முன்னைவிட உரக்கச் சொன்னேன்.