கிழியாத காகிதம்

இன்று காலை தியாகராய நகரில் ஒருவன் சினிமா போஸ்டர் ஒட்டிக்கொண்டிருந்தான். வாளியில் மயில்துத்தம் கலந்த மைதாப் பசை. அந்த வாசனை எனக்கு ஆகாது. பசைக்குப் பயப்படும் கிழவனை நீங்கள் பார்த்ததில்லை என்றால் இப்போது பார்த்துக்கொள்ளுங்கள்.

இதே தியாகராய நகருக்காக மாம்பலத்து ஏரியைத் தூர்த்து மனை போட்ட காலம். என் அத்திம்பேர், அக்காவின் கணவர், பள்ளிக்கூடத்தில் சரித்திர வாத்தியார். கையேடு ஒன்று கிடைத்தால் உலகத்தில் எதையும் கற்றுவிடலாம் என்பது அவர் கட்சி. தையல், தேனீ வளர்ப்பு, கல்வெட்டு எழுத்து எல்லாவற்றுக்கும் இங்கிலீஷ் கையேடு வைத்திருந்தார். கோயில் சுவரில் அவர் கண்டுபிடித்த சோழ சாசனம், வெள்ளையடித்தவனின் கிறுக்கல் என்று பிறகு தெரிந்தது. அசரவில்லை. அடுத்தபடியாக வீடு கட்டும் கையேட்டை வாங்கினார். மேஸ்திரியை வைத்து வீட்டையும் கட்டிவிட்டார்.

நான் அப்போது கட்டட ஆபீஸ் ஒன்றில் குமாஸ்தா. விதிமுறைகள் மனப்பாடம். "தூர்த்த மண் இறுக நாளாகும், அத்திம்பேர்" என்றேன்.

"உங்க ஆபீஸ்ல ஃபைல்தாண்டா எழும்பும், சுவர் எழும்பாது!"

மழைக்காலத்தில் அக்காவுக்கு இரண்டாவது பிரசவம். புது வீட்டில்தான் என்று அத்திம்பேர் பிடிவாதம். அதற்கென ஒழித்த அறையில், கட்டிலை ஒட்டிய சுவரில் தலைமுடி கனத்தில் ஒரு விரிசல். கையேட்டில் அதற்கும் வழி இருந்தது. விரிசலின் குறுக்கே காகிதம் ஒட்ட வேண்டும். கிழியாவிட்டால் பயமில்லை, கிழிந்தால் சுவர் இன்னும் நகர்கிறது. கஞ்சிப் பசை காய்ச்சி ஒட்டினார்.

மேஸ்திரி பார்த்துச் சிரித்தான். "இன்னா சாமி, செவுத்துக்கு பிளாஸ்திரி போட்டுக்கினு கீறீங்க?"

தினமும் காலையில் அத்திம்பேர் அக்காவைக் கூப்பிட்டுக் காட்டுவார். "பாரு, கிழியலை." காகிதம் கிழியவே இல்லை. ஆனால் அந்த அறைக் கதவு சாத்த வரவில்லை. பட்டப்பகலில் தரைக்கடியில் தவளை கத்தியது.

ஒருநாள் பழம் வாங்கிக்கொண்டு போனேன். அக்கா காகிதத்தின் மேல் விரலை வைத்துக்கொண்டு நின்றாள். விரல் ஒட்டிக்கொண்டது.

"ஏன்னா, போன வாரம் ஒட்டினது இன்னும் எப்படி ஈரமா இருக்கு?"

அத்திம்பேர் ஜன்னலைப் பார்த்தார்.

"தினம் கிழியறதா?"

"நீ பயந்துடக் கூடாதேன்னு..."

அக்கா மூத்தவளைக் கையில் பிடித்துக்கொண்டு, "டேய், மயிலாப்பூருக்கு, நம்மாத்துக்கு வண்டி கூப்பிடு" என்றாள். அத்திம்பேர், மழை விடட்டும் என்றார். அவள் நனைந்துகொண்டே ஏறினாள்.

நாலாம் நாள் சுவர் உள்பக்கமாக, கட்டிலின் மேல் விழுந்தது. அத்திம்பேர் அப்போது மயிலாப்பூரில், பிறந்த பிள்ளையைப் பார்க்க வந்திருந்தார். அதன்பிறகு அவர் எந்தக் கையேட்டையும் தொடவில்லை. மருந்துச் சீட்டைக்கூட அக்காதான் படித்துச் சொல்ல வேண்டும்.

இருவரும் இப்போது இல்லை. வீடு நின்ற இடத்தில் ஜவுளிக்கடை. இன்று காலை அதன் கீழ்த்தளத்தில் ஊறிய தண்ணீரை ஒரு காவலாளி மோட்டார் போட்டு இறைத்துக்கொண்டிருந்தான்.

"இது ஏரிப்பா" என்றேன்.

"ஆமா சார், நல்ல ஏரியா."